அறக்கட்டளையும் மற்றொருவரும்

தாராவியில் தொண்ணூறு அடி சாலையை ஒட்டிய ஒரு பள்ளிக்கூடத்தில் மாரிசெல்வி பதினொரு வருடம் ஒன்றாம் வகுப்புக்குத் தமிழ் வழியில் பாடம் எடுத்தாள். எடுத்தாள் என்று எழுதவே கை வரவில்லை. எடுக்கிறாள் என்று எழுதும்படி இருக்க வேண்டும் என்றுதான் மூன்று வருடம் இத்தனை பேர் கோர்ட்டுக்கும் ஆபீஸுக்குமாக நாயாய் அலைந்தார்கள்.

அது லேசுப்பட்ட வகுப்பு அல்ல. பிள்ளைகளைப் பெற்றவர்கள் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்தவர்கள். பிள்ளைகளோ சந்தில் ஹிந்தி பேசி வளர்ந்தவை. பூனை என்றால் முழிக்கும், பில்லி என்றால் சிரிக்கும். மாரிசெல்வி பில்லியில் தொடங்கிப் பூனைக்குக் கூட்டிக்கொண்டு போவாள். 'ஈ' எழுத்துக்கு அவள் படம் காட்டியதே இல்லை, ஜன்னலைத் திறந்துவிட்டால் போதும். தீபாவளிக்குள் அத்தனை பிள்ளைகளும் தங்கள் பெயரைத் தமிழில் எழுதிவிடும். கடைசி வருடம் வந்த பீவி என்கிற பெண் மட்டும் தன் பெயரை எழுதி, பக்கத்திலேயே டீச்சர் பெயரையும் எழுதி, இரண்டையும் சுற்றி ஒரு வட்டம் போட்டு வைக்கும். இந்த வேலையில் கிடைத்த சந்தோஷம் மாரிசெல்விக்கு வேறு எதிலும் கிடைத்ததில்லை. தோல் பை தைக்கும் பட்டறையில் வேலை பார்த்த புருஷன் சுடலைக்கண்ணனிடமே அதைச் சொல்லியிருக்கிறாள். அவனும் கோபித்துக்கொள்ளவில்லை.

குறை ஒன்றே ஒன்றுதான். அவளிடம் ஆசிரியர் பயிற்சிப் பட்டயம் இல்லை. பன்னிரண்டாவது முடித்ததும் அந்தப் பள்ளியில் லீவில் போன ஒரு டீச்சருக்குப் பதிலாகப் போய் நின்றாள். லீவில் போனவர் திரும்பி வரவில்லை, இவளும் கிளம்பவில்லை. பட்டயம் படிக்கலாம் என்றால் மும்பையில் அவளுக்கு எட்டிய கல்லூரிகளில் மராத்தியிலோ ஹிந்தியிலோ இங்கிலீஷிலோதான் சொல்லிக் கொடுத்தார்கள், அதுவும் முழு நாள். ஊருக்குப் போய் இரண்டு வருடம் உட்கார்ந்து படிக்க வீட்டு நிலைமை இடம் கொடுக்கவில்லை.

2022 ஜூன் மாதம் மாநிலக் கல்வித் துறையிலிருந்து பள்ளிக்கு ஒரு கடிதம் வந்தது. பயிற்சி இல்லாத ஆசிரியர்கள் 2025 ஏப்ரல் முடிவதற்குள் பயிற்சி பெற்றிருக்க வேண்டும், குறைந்தபட்சம் அங்கீகாரம் உள்ள ஒரு கல்லூரியில் சேர்ந்தாவது இருக்க வேண்டும், இரண்டும் இல்லாதவரைப் பணியில் வைத்திருக்கக் கூடாது. தலைமை ஆசிரியை ஷ்யாமளா கடிதத்தைப் படித்துவிட்டு, மூன்று வருஷம் கிடக்கிறதே, எதற்குக் கவலை என்றார். எல்லோரும் அப்படித்தான் நினைத்தார்கள். மூன்று வருடம் என்பது நீளமான காலம்தான், டெல்லிக்காரர்கள் கையில் சிக்காத வரைக்கும்.

அந்தப் பள்ளியை நடத்தியது மாட்டுங்காவில் இருந்த ஒரு கல்வி அறக்கட்டளை. அதன் செயலாளர் அனந்தநாராயணன். ரயில்வே ஆபீஸில் முப்பத்தைந்து வருடம் ஃபைல் கட்டி, ஓய்வு பெற்ற பிறகும் கை சும்மா இருக்காமல் இங்கே வந்து ஃபைல் கட்டிக்கொண்டிருந்தவர். தமிழ் வழியில் ஓர் ஆசிரியர் பயிற்சிப் பட்டய வகுப்பு தொடங்கவேண்டும் என்பது அவருடைய நெடுநாள் யோசனை. செம்பூரில் அறக்கட்டளைக்குச் சொந்தமாக ஒரு மாடி இருந்தது. பள்ளிக்கூடம் காலையில், கல்லூரி மதியத்தில் என்று வைத்துக்கொண்டால் மாரிசெல்வி பன்னிரண்டு மணிக்கு வகுப்பை முடித்துவிட்டு பஸ் பிடித்து செம்பூருக்குப் போய்விடலாம். வேலையும் போகாது, படிப்பும் வந்துவிடும். அனந்தநாராயணன் இதை ஒரு தாளில் மணிக்கணக்குப் போட்டே அவளுக்குக் காட்டினார்.

ஆனால் இந்த மாதிரி வகுப்பு தொடங்க டெல்லியில் இருக்கும் ஒழுங்குமுறை அலுவலகத்தின் அங்கீகாரம் வேண்டும். அங்கீகாரம் இல்லாமல் ஒரு மாணவரைக்கூடச் சேர்க்க முடியாது. கம்ப்யூட்டரில் மனுப் போட்டு, அதோடு நிலப் பத்திரத்தின் சான்றிட்ட நகல், கட்டட வரைபடம், இன்னும் என்னென்னவோ சேர்த்துக் காகிதக் கட்டையும் அனுப்பவேண்டும். ஆகஸ்ட் மாதம் அந்தக் கட்டு தயாராயிற்று. சேர விருப்பம் உள்ளவர் என்று கையெழுத்துப் போட அன்றைக்கு மாரிசெல்வியும் மாட்டுங்காவுக்குப் போயிருந்தாள். பிள்ளையார் கோயிலில் கும்பிட்டுவிட்டு நேராக வந்ததால் கைப்பையில் மஞ்சள் பொட்டலம் இருந்தது.

அவள் வீட்டுப் பக்கத்தில் மஞ்சள் வைக்காமல் எந்த நல்ல காகிதமும் வாசற்படி தாண்டாது. கல்யாணப் பத்திரிகையாகட்டும், ரேஷன் கார்டு மனுவாகட்டும், நான்கு மூலையிலும் மஞ்சள் ஏற வேண்டும். கட்டின் மேலே இருந்தது நிலப் பத்திர நகல். அவள் மஞ்சளைத் தண்ணீரில் குழைத்துக்கொண்டு தயங்கி நிற்க, அனந்தநாராயணன் சிரித்தார்.

"வையுங்கோ டீச்சர். பிள்ளையாருக்குப் பாதி, டெல்லிக்குப் பாதி."

அவள் நான்கு மூலையிலும் விரலால் தொட்டு வைத்தாள். கீழே வலது மூலையில் வட்டமாக ஒரு முத்திரை இருந்தது. அதன் மேலும் கொஞ்சம் பட்டது. இருவரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கட்டு அன்றைக்கே தபாலில் போயிற்று.

அடுத்த ஜனவரியில் டெல்லியிலிருந்து இரண்டு பேர் வந்து செம்பூர் மாடியைப் பார்த்தார்கள். பெஞ்சுகளை எண்ணினார்கள், நூலகத்தைப் பார்த்தார்கள், கழிவறைக் குழாயைத் திறந்து தண்ணீர் வருகிறதா என்று பார்த்தார்கள். எல்லாம் திருப்தி என்று சொல்லி மசால் தோசை சாப்பிட்டுவிட்டுப் போனார்கள். 2023 ஜூனில் வகுப்பு தொடங்கிவிடும் என்று மாரிசெல்வி புதிதாக இரண்டு நோட்டு வாங்கி வைத்தாள்.

அதற்குப் பிறகு டெல்லி வாயில் கொழுக்கட்டை. ஜூன் வந்தது, போயிற்று. அனந்தநாராயணன் எழுதிய நினைவூட்டல் கடிதங்கள் எல்லாம் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தன. போன் செய்தால் கமிட்டி கூடவில்லை என்பார்கள், கூடிய பிறகு செய்தால் உங்கள் விஷயம் எடுக்கப்படவில்லை என்பார்கள். ஆம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. இல்லை என்று சொல்லித் தொலைத்திருந்தால்கூட மனுஷன் வேறு வழி பார்த்திருப்பான். செம்பூர் மாடியில் ஐம்பது பெஞ்சுகளும் ஒரு கரும்பலகையும் யாரும் இல்லாமல் காத்துக்கிடந்தன. வாட்ச்மேன் சுயம்பு தினம் கூட்டித் துடைத்து விளக்கையும் ஒரு தடவை போட்டு அணைத்துவிட்டுக் கதவைப் பூட்டிக்கொண்டிருந்தார்.

பதினான்கு மாதம் பொறுத்துப் பார்த்துவிட்டு 2024 மார்ச்சில் அனந்தநாராயணன் வழக்குப் போட்டார். வக்கீல் வந்தனா, மாட்டுங்காவிலேயே வளர்ந்த பெண், அறங்காவலர் ஒருவருடைய மருமகள். மனுவில் அறக்கட்டளை மட்டும் இருந்தால் நீதிபதிக்குக் கட்டடம்தான் கண்ணில் தெரியும், தாமதத்தால் அடிபட்ட ஒரு மனுஷியும் வேண்டும் என்று அவர் சொன்னார். அப்படித்தான் மாரிசெல்வி இரண்டாவது மனுதாரர் ஆனாள்.

விசாரணையின் முதல் நாள், சாலையோர நடைபாதையில் இஸ்திரி போட்ட புடவையைக் கட்டிக்கொண்டு சயானில் ரயில் ஏறிக் கோட்டைப் பக்கத்தில் இருக்கும் உயர் நீதிமன்றத்துக்குப் போனாள். அன்றைய வழக்குப் பட்டியலில் தன் பெயரைத் தேடினாள். அறக்கட்டளையின் பெயர் இருந்தது, 'மற்றொருவர்' என்று இருந்தது. அந்த மற்றொருவர் யார் என்று வந்தனாவைக் கேட்டாள். நீங்கள்தான் என்றார் வந்தனா. மாரிசெல்விக்குச் சிரிப்பு வந்தது, கொஞ்சம் வருத்தமாகவும் இருந்தது. அவர்களுடையது நாற்பத்தேழாவது வழக்கு. முப்பத்தொன்றாவதோடு மணி அடித்துவிட்டது.

அப்படி ஐந்து தடவை. ஒரு தடவை டெல்லி சார்பில் வந்த வக்கீல் அலுவலகத்தைக் கேட்டுச் சொல்ல அவகாசம் வேண்டும் என்றார். அடுத்த தடவை, கேட்டிருக்கிறேன், பதில் வரவில்லை, இன்னும் அவகாசம் வேண்டும் என்றார். டெல்லிக்காரர்கள் தங்கள் வக்கீலுக்கே பதில் சொல்வதில்லை என்று தெரிந்ததும் அனந்தநாராயணனுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்ததாம். மாரிசெல்விக்கு ஆறுதலாக இல்லை. ஒவ்வொரு தடவையும் வகுப்பை இன்னொரு டீச்சரிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள்.

ஜூலையில் தீர்ப்பு வந்தது. விண்ணப்பத்தின் மேல் எட்டு வாரத்துக்குள் முடிவு எடுக்கவேண்டும், தவறினால் அதிகாரி நேரில் வந்து காரணம் சொல்லவேண்டும். மாரிசெல்வி வகுப்புக்கு மைசூர்பாகு வாங்கிக்கொண்டு போனாள். எதற்கு டீச்சர் என்று பிள்ளைகள் கேட்டதற்கு, எனக்கும் ஸ்கூலில் இடம் கிடைக்கப்போகிறது என்றாள். அத்தனை பெரிய டீச்சர் ஸ்கூலில் சேரப்போவதை நினைத்து அவை விழுந்து விழுந்து சிரித்தன.

வந்தனா மட்டும் சிரிக்கவில்லை. "'முடிவு எடு'ன்னுதான் கோர்ட் சொல்லியிருக்கு. 'இந்த முடிவை எடு'ன்னு சொல்லலை" என்றார். அதை யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

ஐம்பத்தைந்தாவது நாள் முடிவு வந்தது. நிராகரிப்பு. வந்தனாவின் அறையில் மூன்று பேரும் உட்கார்ந்திருந்தார்கள். வந்தனா கடிதத்தைப் படித்து அர்த்தம் சொன்னார். நிலப் பத்திரத்தின் சான்றிட்ட நகல் கறைபட்டிருக்கிறது, பதிவாளரின் முத்திரை படிக்கும்படி இல்லை, ஆகவே விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது. கூடவே அந்தத் தாளின் வண்ணப் படம் ஒன்றும் இருந்தது. கீழே வலது மூலையில் முத்திரையின் மேல் மஞ்சளாக ஒரு திட்டு.

மாரிசெல்வி படத்தைக் கையில் வாங்கிப் பார்த்தாள். தன் விரல் ரேகைகூடத் தெரிவது போல இருந்தது. இது யார் சாம்பாரைச் சிந்தினது என்று வந்தனா எரிச்சலாகக் கேட்டார்.

"சாம்பார் இல்லை, மஞ்சள். நான்தான் வெச்சேன்" என்றார் அனந்தநாராயணன். "எங்காத்துல வழக்கம்."

மாரிசெல்வி படத்தை மேசையில் கவிழ்த்து வைத்தாள். அவர் பழியை எடுத்துக்கொண்டதை விட, தான் அதை எடுத்துக்கொள்ள விட்டுவிட்டோமே என்பதுதான் அவளை அரித்தது. வெளியே வந்து ரயில் நிலையம் வரைக்கும் நடந்தார்கள். சி.எஸ்.எம்.டி. வாசலில் கூட்டம் இடித்துத் தள்ளிக்கொண்டிருந்தபோதுதான் அவளுக்குப் பேச்சு வந்தது.

"நான்லா சார் வச்சேன். என் கையாலேயே என் தலையில வச்சிக்கிட்டேன். அம்புட்டுப் பிள்ளேளு தலையிலயும் வச்சிட்டேன்."

அனந்தநாராயணன் நின்றார். அவருக்குக் கோபம் வந்து அவள் பார்த்ததில்லை, அன்றைக்குப் பார்த்தாள்.

"அந்தத் தாள் அவாகிட்ட ரெண்டு வருஷமா இருக்கு, டீச்சர். ஒரு வரி எழுதிக் கேட்டிருந்தா ஒரே நாள்ல வேற காப்பி குடுத்திருப்பேன். மஞ்சளா வாயை மூடிண்டு உக்காந்திருந்தது? நீங்க இதை மனசுல வெச்சுக்கப்படாது."

அவர் சொன்னது அத்தனையும் உண்மை. இருந்தாலும் அவள் மனசில் வைத்துக்கொண்டாள். வீட்டுக்கு வந்ததும் சுடலைக்கண்ணனிடம் சொன்னாள். அவன், போன வருடம் தன் முதலாளி வாங்கிய புது மெஷினின் பில்லுக்குக்கூட மஞ்சள் வைத்தோமே, யார் என்ன சொன்னார்கள் என்று கேட்டான். அவளுக்கு அழுகைதான் வந்தது.

மறுபடி வழக்கு. குறை இருந்தால் முதலில் நோட்டீஸ் அனுப்பி விளக்கம் கேட்கவேண்டும், கேட்காமல் நிராகரித்தது சட்டப்படி செல்லாது என்று வந்தனா மனு எழுதினார். இரண்டாவது மனுதாரர் மறுபடி மாரிசெல்விதான். தெளிவான முத்திரையோடு புது நகலும் சேர்ந்தது. இந்தத் தடவை அதன் பக்கத்தில் போகவே அவள் பயந்தாள், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு தள்ளி நின்றாள். நவம்பர் போயிற்று, கிறிஸ்துமஸ் விடுமுறை போயிற்று, நீதிபதி பெஞ்ச் மாறியது, புது பெஞ்சுக்கு எல்லாவற்றையும் முதலிலிருந்து சொல்லவேண்டியிருந்தது. வரும் கல்வியாண்டுக்கான அங்கீகாரத்தை மார்ச் மாதத் தொடக்கத்துக்குள் கொடுத்தாக வேண்டும் என்று ஒரு கடைசித் தேதி உண்டு, கிடைத்தால் ஏப்ரலிலேயே பெயர் பதிந்து சேர்ந்துவிடலாம். அந்தத் தேதி அன்றைக்கும் அவர்களுடைய வழக்கு பட்டியலில் இருந்தது, கூப்பிடப்படவில்லை.

2025 ஏப்ரல் பத்தாம் தேதி தீர்ப்பு வந்தது. நீதிபதி டெல்லி வக்கீலைப் பிடி பிடியென்று பிடித்தார். இத்தனை மாதம் சும்மா இருந்துவிட்டு, கேள்வியே கேட்காமல் நிராகரிப்பது என்ன நியாயம் என்றார். நிராகரிப்பை ரத்து செய்தார், ஆறு வாரத்துக்குள் சட்டப்படி புதிதாக முடிவு எடுக்கச் சொன்னார். கேட்டுக்கொண்டிருந்த மாரிசெல்விக்கு யாரோ தன் வீட்டுப் பெரியவர் தனக்காகச் சண்டை போடுவது மாதிரி இருந்தது.

பிறகு வந்தனா எழுந்து, இரண்டாவது மனுதாரரின் வேலை இந்த மாதக் கடைசியில் போகிறது, அவரையாவது இந்த ஆண்டே தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள அனுமதி வேண்டும் என்று கேட்டார். நீதிபதி மாரிசெல்வி எங்கே என்று கேட்டு, எழுந்து நின்ற அவளை ஒரு நிமிஷம் பார்த்தார். அவர் இங்கிலீஷில் சொன்னதை வந்தனா வெளியே வந்துதான் தமிழில் சொன்னார். கடைசித் தேதி போய்விட்டது, அங்கீகாரம் இல்லாத கல்லூரியில் ஆள் சேர்க்கச் சொல்லி எந்தக் கோர்ட்டும் உத்தரவு போடாது, இந்த அம்மாவை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது, அடுத்த கல்வியாண்டில் பார்க்கலாம். கல்வித் துறையின் கெடுவைப் பற்றிக் கேட்டதற்கு, கல்வித் துறை இந்த வழக்கில் எதிர்த் தரப்பே இல்லை, அவர்களுக்கு உத்தரவு போட முடியாது என்று சொல்லிவிட்டாராம். தவறு யாருடையது என்று கேட்டால் அந்த ஹாலில் இருந்த ஒவ்வொருவரும் சட்டப்படி சரியாகத்தான் நடந்திருந்தார்கள். அதுதான் வயிற்றெரிச்சல்.

ஏப்ரல் முப்பதாம் தேதி ஷ்யாமளா அவளைக் கூப்பிட்டு ஒரு கடிதம் கொடுத்தார். தலைமை ஆசிரியைக்கு அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. கடைசி நாள் என்று மாரிசெல்வி பிள்ளைகளிடம் சொல்லவில்லை. தேர்வுத் தாள்களைத் திருத்தி, பீவியின் தாளில் டீச்சர் பெயரைச் சுற்றியிருந்த வட்டத்தை ஒன்றும் செய்யாமல் விட்டு, கட்டிக் கொடுத்துவிட்டு வந்தாள். ஜூனிலிருந்து சுடலைக்கண்ணன் பட்டறைக்கே பைகளுக்கு ஜிப் பொருத்தும் வேலைக்குப் போனாள்.

அதற்கு முன்பே மே மாதத்தில், சரியாக ஆறாவது வாரம், டெல்லியிலிருந்து அங்கீகாரம் வந்திருந்தது. 2026 ஜூன் முதல் ஐம்பது பேரைச் சேர்த்துக்கொள்ளலாம்.

அடுத்த ஆண்டு மார்ச்சில் அனந்தநாராயணன் போன் செய்து, முதல் விண்ணப்பம் உங்களுடையதாக இருக்கவேண்டும், வாங்கோ என்றார். அவள் அரை நாள் லீவு சொல்லிவிட்டு மாட்டுங்காவுக்குப் போனாள். மேசையில் புது விண்ணப்பங்கள் அடுக்கியிருந்தன. அவர் முகத்தில் உண்மையான சந்தோஷம் இருந்தது. இரண்டு வருடம் படித்துவிட்டால் நிரந்தரமாகவே டீச்சர் ஆகிவிடலாம், யாரும் அசைக்க முடியாது என்றார்.

அவள் பெயர், வயது, முகவரி எல்லாம் எழுதினாள். பயிற்சிக்காகப் பாடம் எடுக்க விரும்பும் பள்ளி என்று ஓர் இடம் இருந்தது. அதில் தன் பள்ளியின் பெயரை எழுதப் போனாள். அனந்தநாராயணன் கொஞ்சம் இருங்கோ என்றார். பிறகு அவள் முகத்தைப் பார்க்காமல் விஷயத்தைச் சொன்னார். போன ஜூனில் தமிழ் ஒன்றாம் வகுப்புக்குப் பயிற்சி பெற்ற டீச்சர் தேவை என்று மூன்று தடவை விளம்பரம் கொடுத்தும் ஒரு ஆளும் வரவில்லை. ஆள் இல்லாமல் வகுப்பை நடத்த முடியாது. சேர வந்த பத்தொன்பது பிள்ளைகளையும் ஹிந்தி வகுப்பில் உட்கார வைத்தார்கள். இந்த ஜூனில் தமிழ் ஒன்றாம் வகுப்பே திறக்கப்போவதில்லை. மற்ற தமிழ் வகுப்புகளும் வருடத்துக்கு ஒன்றாகத் தானாக முடிந்துவிடும்.

மாரிசெல்வி பேனாவை மூடவில்லை.

"அப்பம் நான் படிச்சிட்டு வந்து யாருக்கு சார் பாடம் எடுக்கதுக்கு?"

அவர் வேறு பள்ளி பார்க்கலாம், மான்குர்த்தில் ஒன்று இருக்கிறது, கேட்டுப் பார்க்கிறேன் என்று ஏதேதோ சொன்னார். சொல்லச் சொல்ல அவர் குரலே இறங்கிக்கொண்டு வந்தது. அவளுக்கு அவர் மேல் கோபம் இல்லை. நீதிபதி மேலும் இல்லை, வந்தனா மேலும் இல்லை. யார் மேலாவது இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"வீட்டுல கேப்பாவ சார். கேஸுல ஜெயிச்சிட்டோம்னு சொல்லட்டுமா, தோத்துட்டோம்னு சொல்லட்டுமா?"

அனந்தநாராயணன் மேசையில் இருந்த விண்ணப்பங்களை மறுபடி அடுக்கினார். ஆயிரம் ஃபைலுக்குப் பதில் எழுதிய மனிதர்.

"ரெண்டு கேஸுலயும் ஜெயிச்சது நாமதான், டீச்சர்" என்றார்.

அவள் தலையை ஆட்டினாள். பள்ளியின் பெயர் எழுதவேண்டிய இடத்தை வெறுமனே விட்டுவிட்டுக் கீழே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். பட்டறையில் இரண்டு மணிக்கு ஆள் கணக்கு எடுப்பார்கள், அதற்குள் போயாக வேண்டியிருந்தது.